திரையில் உன் உதடு மட்டும் அசைகிறது, நைனா

கூப்பிட்ட குரலுக்குப் பதில் சொல்லாமல் ஒருநாளும் இருந்திராத என் நைனாவுக்கு,

"ஏ வள்ளீ, போனை வெச்சதும் அந்தப் புள்ள எங்க பூடுது? இவ்ளோ நேரம் பேசினதெல்லாம் எங்க பூடுது?" என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை கேட்டாயே, நினைவிருக்கிறதா? மெல்போர்னிலிருந்து உன் பேத்தி, என் மகள் சுகன்யா அப்போதுதான் டாட்டா காட்டிவிட்டுப் போயிருந்தாள். லேப்டாப் திரை கறுத்து, அதில் நம் இரண்டு பேர் முகமும் மங்கலாகத் தெரிந்தது.

எத்தனையோ பிள்ளைகளின் கேள்விக்கு விடை சொன்னவள் நான். "எங்கியும் போவல நைனா. முடிஞ்சிடுது, அவ்ளோதான்" என்றேன்.

நீ ஒத்துக்கொள்ளவில்லை. "சோறு துன்னாக்கூட தட்டுல நாலு பருக்கை மிஞ்சுது. இவ்ளோ பேச்சு பேசினா ஒண்ணுமா மிஞ்சாது? நீயெல்லாம் இன்னா டீச்சரு?"

அந்தக் கேள்விக்காகத்தான் லேப்டாப் திரையில் தெரிவதைப் பதிவு செய்வது எப்படி என்று கற்றுக்கொண்டேன். கற்றுக்கொண்டதாகத்தான் நினைத்திருந்தேன்.

நீ போய் வருஷம் திரும்பப் போகிறது. அடுத்த ஞாயிறு உனக்குப் படையல். அதற்கு முன்னால் உன்னிடம் ஒன்றைச் சொல்ல வேண்டும், நைனா. சுற்றி வளைத்துத்தான் சொல்வேன். பாடம் நடத்தின வாய், உனக்குத் தெரியாததா?

முதலில் ஊர்ச் செய்தி. சித்தூரில் மாங்காய் சீசன் வந்துவிட்டது. நம் தெருமுனையில் நின்று பார்த்தால் ஜூஸ் ஃபேக்டரிக்குப் போகிற டிராக்டர்கள் ரோட்டோரமாக வரிசை கட்டி நிற்கின்றன. தோத்தாபுரி மாங்காய் வாசனை சமையலறை வரை வருகிறது. நீ இருந்திருந்தால் ஒவ்வொரு டிராக்டரையும் நிறுத்தி, "எந்தத் தோப்புக் காய்ரா இது?" என்று விசாரித்திருப்பாய். இந்த வருஷம் யாரும் விசாரிக்காமலே அவை போகின்றன.

எதிர்வீட்டுக்காரர்கள் மகனோடு இருக்க பெங்களூருக்குப் போய்விட்டார்கள். கேட்டில் பூட்டு தொங்குகிறது. அவர்கள் வீட்டு நாய் மட்டும் வழக்கப்படி மத்தியானம் வந்து நம் படியில் படுத்துக்கொள்கிறது. நீ போட்ட சோற்றைத் தேடி வருகிறது. நான் போட்டால் தின்கிறது, ஆனால் தின்றுவிட்டு உன் அறைப் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் போகிறது.

தண்ணீர் கேன் போடுகிறவர் என்னை "மேடம்" என்கிறார். பால்காரம்மா "டீச்சரம்மா" என்கிறாள். சுகன்யா "மா" என்கிறாள். வள்ளி என்று ஒரு பேர் எனக்கு இருப்பது பென்ஷன் காகிதத்துக்கு மட்டும்தான் இப்போது தெரியும். வீட்டில் யாராவது பேர் சொல்லிக் கூப்பிட்டுத்தான் நாம் இன்னார் என்பது நமக்கே நினைவில் நிற்கிறதோ?

இதைப் படிக்கிற மற்றவர்களுக்காக உன்னைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லிவிடுகிறேன். கோபித்துக்கொள்ளாதே.

பங்காருபாளையம் பக்கத்து மாந்தோப்புகளில் நீ காவல் இருந்தாய். உனக்கென்று ஒரு மரம்கூட இல்லை. பிறத்தியார் மரங்களுக்குக் குரல் கொடுத்தே என்னைப் படிக்க வைத்தாய். காவல் என்றால் கத்துவது. குரங்கு வந்தால் கத்த வேண்டும், கிளி இறங்கினால் கத்த வேண்டும். எதுவும் வராவிட்டாலும் அவ்வப்போது "ஹோஓஓய்" என்று ஒரு சத்தம் கொடுக்க வேண்டும். அடுத்த தோப்புக் காவல்காரர் அதே போல "ஹோஓஓய்" என்று திருப்பிக் கொடுக்க வேண்டும். அது உங்களுக்குள் ஒரு முறை. பதில் வராவிட்டால் கையிலிருப்பதைப் போட்டுவிட்டு ஓடுவீர்கள். அவரைப் பாம்பு தொட்டிருக்கலாம், மரத்திலிருந்து விழுந்திருக்கலாம்.

"கூப்ட்டா பதில் சொல்லணும்மா. பதில் வரலன்னா ஆளு இல்லன்னு அர்த்தம்" என்பாய். வீட்டிலும் அதுதான் சட்டம். நான் புத்தகத்தில் மூழ்கி, நீ கூப்பிட்டது காதில் விழாமல் இருந்துவிட்டால், அடுத்த நிமிஷம் எதிரில் வந்து நிற்பாய். திட்டுவதற்கு இல்லை. உயிரோடு இருக்கிறேனா என்று பார்ப்பதற்கு.

சுகன்யாவைத் திருப்பதியில் இன்ஜினியரிங் சேர்த்த நாளை நினைத்துப்பார். ஹாஸ்டல் கேட்டுக்கு மேல் ஆண்களை விடமாட்டோம் என்று வாட்ச்மேன் நிறுத்திவிட்டார். பெட்டியோடு அவள் உள்ளே போனாள். நீ ரோட்டில் நின்று இரண்டு கையையும் வாயருகே குவித்து "ஹோஓஓய்" என்றாய். அத்தனை ஜன்னலிலும் பெண்பிள்ளைகள் தலை நீட்டினார்கள். மூன்றாம் மாடியிலிருந்து சுகன்யா முகத்தைப் பாதி மறைத்துக்கொண்டு "ஹோய், ஹோய், போ தாத்தா! மானம் போவுது!" என்று கத்தினாள். பதில் வந்துவிட்டது, அதனால் நீ நிம்மதியாக பஸ் ஏறினாய். வாட்ச்மேன் தெலுங்கில் ஏதோ முணுமுணுத்தார். "அது எங்க ஊரு போனு சாமி, பில்லு வராது" என்றாய்.

அவள் அங்கே கடைசி வருஷம் படித்தபோது வாங்கின லேப்டாப்தான் இப்போது என்னிடம் இருப்பது. பெங்களூரில் வேலை, பிறகு கல்யாணம், பிறகு மெல்போர்ன் என்று அவள் போகப் போக, பழைய துணியோடு அதுவும் என்னிடம் தங்கிவிட்டது.

சரி, பாடத்துக்கு வருகிறேன்.

நீ கேட்ட கேள்வியைச் சுகன்யாவிடம் சொன்னேன். அவள் சிரித்தாள். "அது ரொம்ப ஈஸி மா. ஸ்கிரீன் ரெக்கார்டிங்னு பேரு. விண்டோஸ் கீயையும் ஜி-யையும் சேர்த்து அழுத்து."

"விண்டோஸ் கீ எதுடி?"

"கீழ் வரிசையில இடது கைப் பக்கம் பாரு. நாலு கண்ணாடி வெச்ச ஜன்னல் மாதிரி இருக்கும்."

இரண்டையும் ஒரே அடியாக அடித்தேன். ஒன்றும் ஆகவில்லை. மறுபடி அடித்தேன். கூடத்தில் உட்கார்ந்திருந்த நீ, "ஏம்மா, கொசுவா அடிக்கிற?" என்றாய்.

பிறகு புரிந்தது, அதுவும் உன்னால்தான். நீ காய் பறிக்கும்போது ஒரு கையால் கிளையை வளைத்துப் பிடித்துக்கொள்வாய். பிடி விடாமல் மறு கையால் காம்பைக் கிள்ளுவாய். இதுவும் அப்படித்தான் நைனா. ஜன்னல் போட்ட பொத்தான் கிளை. அதை அழுத்திப் பிடித்துக்கொள்ள வேண்டும். ஜி என்ற பொத்தான் காய். அதை ஒருமுறை தொட்டுவிட்டால் போதும். பிறகு இரண்டு கையையும் எடுத்துவிடலாம்.

அப்படிச் செய்ததும் திரை மேல் சின்னச் சின்னக் கட்டங்கள் வந்து நின்றன. அதில் ஒன்றில் கேமரா படம், வட்டப் புள்ளி, மைக் படம் மூன்றும் இருந்தன. புள்ளியைத் தொட்டால் பதிவு ஆரம்பிக்கும். ஓரத்தில் ஒரு குட்டிக் கட்டம் வந்து நேரம் ஓடும். முடிந்ததும் அதிலிருக்கும் சதுரத்தைத் தொட்டால் நின்றுவிடும். அதன்பின் வீடியோஸ் என்ற பைக்குள், ஃபோல்டர் என்பார்கள், காப்சர்ஸ் என்று ஒரு பை இருக்கும், பதிவு அதில் போய் உட்கார்ந்திருக்கும். அரிசி டின்னுக்குள் படி இருப்பது போல, பைக்குள் பை.

முதல் தடவை நான் வெறும் திரையை வைத்துக்கொண்டு புள்ளியைத் தேடினேன். அது மங்கிக் கிடந்தது, தொட்டாலும் அசையவில்லை. எது பதிவாக வேண்டுமோ அதை முதலில் திறந்து முன்னால் நிறுத்த வேண்டுமாம். பிள்ளைகளை நிற்க வைக்காமல் குரூப் போட்டோ எடுக்க முடியுமா? அந்த மாதிரி. ஆகவே முதலில் சுகன்யாவைக் கூப்பிட்டு, அவள் முகம் வந்த பிறகு கிளையைப் பிடித்துக் காயைத் தொட வேண்டும்.

இன்னொன்றும் அவளிடம் சொல்லி வைத்தேன். "ஒவ்வொரு தடவையும் சொல்லிட்டுத்தான் எடுப்பேன். ஒருத்தர் பேசறத அவங்களுக்குத் தெரியாம எடுக்கிறது தப்பு." நீ உடனே, "என்னை ஒருத்தரும் கேக்கலியே" என்றாய். "சரி, எடுக்கட்டுமா நைனா?" என்று கேட்டேன். சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, "எடு" என்றாய்.

இப்போது அந்த மைக் படத்துக்கு வருகிறேன். அதன் மேல் குறுக்கே ஒரு கோடு இருந்தது. நான் அதைப் பார்த்தேன். பார்த்து, சந்தோஷப்பட்டேன்.

ஏன் தெரியுமா? வேலையிலிருந்த கடைசி நாட்களில் எங்களுக்கு மீட்டிங் எல்லாம் லேப்டாப்பில்தான். மண்டலத்து டீச்சர்கள் அத்தனை பேரும் ஒரே நேரத்தில் உள்ளே வருவோம். ஒருவர் வீட்டில் குக்கர் விசில், இன்னொருவர் வீட்டில் சேவல். நடத்துகிறவர் தெலுங்கில் கெஞ்சுவார்: "மேடம், தயசேசி மைக் மியூட் சேயண்டி! அந்தரூ மியூட் சேயண்டி!" மைக்கை அணைத்து வையுங்கள், அத்தனை பேரும் அணைத்து வையுங்கள் என்று. மைக் மேல் கோடு விழுந்தால்தான் அவருக்கு மூச்சு வரும். அதனால் கோடு போட்ட மைக் என்றால் ஒழுங்கான மைக் என்று என் மனதில் பதிந்துவிட்டது. கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பிள்ளை மாதிரி. அதை ஏன் தொடுவானேன் என்று விட்டுவிட்டேன்.

காலில் பேசுவதற்கு மைக் திறந்திருந்தாலும், பதிவு செய்வதற்கு அதைத் தனியாகத் திறக்க வேண்டும் என்று எனக்குத் தெரியாது. நாம் பேசியது சுகன்யாவுக்குக் கேட்டது. அவள் பேசியது நமக்குக் கேட்டது. பிறகு என்ன சந்தேகம் வரும்?

முதல் பதிவை உனக்குப் போட்டுக் காட்டிய மத்தியானம் என் கண்ணுக்குள் இருக்கிறது. சாப்பிட்டுவிட்டுக் கட்டிலில் சாய்ந்திருந்தாய். திரையில் சுகன்யா வந்தாள். உன்னைக் கிண்டல் செய்ய உன் வார்த்தையிலேயே கேட்டாள்: "தாத்தா, துன்னியா?"

"துன்னேன் துன்னேன். கத்திரிக்கா கொழம்பு. நீ துன்னியா?" என்றாய்.

"நைனா, இது பழசு. ஞாயித்துக்கெழம பேசினது. இப்ப அவ ஆபீஸ்ல இருப்பா" என்றேன்.

"பழசுன்னா இன்னா? கேக்குறா இல்ல? கேட்டதுக்குப் பதில் சொல்லாம குந்திக்கினு இருந்தா அது மரியாதையா?"

அதற்குமேல் நான் திருத்தவில்லை. தினமும் மத்தியானம் ஒரு பதிவைப் போடச் சொல்வாய். அவள் கேட்கும் இடத்திலெல்லாம் பதில் சொல்வாய். ஞாயிற்றுக்கிழமை கத்திரிக்காய்க் குழம்பு என்றதை வியாழக்கிழமை கீரை என்று மாற்றிச் சொல்வாய், ஏனென்றால் வியாழக்கிழமை கீரைதான். "நேத்து கேட்டதையே இன்னிக்கும் கேக்குறா பாரு. மறதி புடிச்சவ. உன்ன மாதிரியே." கொள்ளுப்பேத்தி நிலா திரைக்குள் எட்டிப் பார்த்து, "குரங்குத் தாத்தா, கத்து!" என்றால், கட்டிலிலேயே நிமிர்ந்து உட்கார்ந்து "ஹோஓஓய்" என்பாய். படியில் படுத்திருக்கும் நாய் எழுந்து ஓடும். நிலா திரையில் கை தட்டுவாள். பார்த்தால் நேரில் பேசுவது போலவே இருக்கும். எல்லாம் சரியாகப் பொருந்தி வரும்.

மாங்காய் இறக்கி முடிந்த ஒரு மத்தியானம், அதே கட்டிலில், தூங்கியபடியே நீ போய்விட்டாய். கூப்பிட்டேன். பதில் வரவில்லை.

சுகன்யாவால் வர முடியவில்லை. வயிற்றில் இரண்டாவது பிள்ளை, மாதம் முற்றியிருந்தது. விமானம் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். உன்னைத் தூக்கிக்கொண்டு போவதை யாரோ போனில் காட்டினார்கள், அதைத்தான் அவள் பார்த்தாள்.

காரியமெல்லாம் முடிந்து சொந்தக்காரர்கள் போன பிறகு, ஒரு மத்தியானம் சாப்பிட்ட தட்டைக் கழுவி வைத்துவிட்டு, கை பழக்கத்தில் லேப்டாப்பைத் திறந்து ஒரு பதிவைப் போட்டேன். சுகன்யா வந்தாள். "தாத்தா, துன்னியா?"

மௌனம்.

திரையின் மூலையில், தபால்தலை அளவு கட்டத்தில், நீ இருந்தாய். உன் உதடு அசைந்தது. கை அசைந்தது. ஏதோ நீளமாகச் சொன்னாய். சத்தம் இல்லை. சுகன்யா அதைக் கேட்டுச் சிரித்தாள். அடுத்த கேள்வி கேட்டாள். மறுபடியும் மௌனம். மறுபடியும் உன் உதடு.

லேப்டாப் கெட்டுவிட்டது என்று நினைத்தேன். சத்தத்தைக் கூட்டினேன். சுகன்யா கத்தினாள், நீ அசைந்தாய். வேறொன்றைப் போட்டேன். இன்னொன்று. எல்லாவற்றிலும் அவள் குரல் மட்டும். கோடு போட்ட அந்த மைக் உன்னையும் என்னையும் ஒரு நாளும் உள்ளே விடவில்லை.

இத்தனை நாள் இது ஏன் எனக்குத் தெரியாமல் போனது என்று யோசித்தால், நைனா, தெரிந்திருக்க வழியே இல்லை. பதிவில் உன் குரல் இல்லாத இடத்தையெல்லாம் கட்டிலில் இருந்த நீ நிரப்பிக்கொண்டிருந்தாய். ஓட்டைக் குடத்தின் ஓட்டையைக் கையால் பொத்திக்கொண்டே தண்ணீர் மொண்டால் ஓட்டை எப்படித் தெரியும்? கை போனதும்தான் தெரிந்தது.

வேறு எங்கே உன் குரல் இருக்கும்? போன் வைத்துக்கொள்ள மாட்டேன் என்று கடைசி வரை சொல்லிவிட்டாய். சுகன்யா கல்யாண வீடியோவைப் போட்டுப் பார்த்தேன். பந்தியில் நின்று யாரையோ அதட்டிக்கொண்டிருக்கிறாய், அதன் மேல் சினிமாப் பாட்டு ஓடுகிறது. சாப்பிடுகிறாய், பாட்டு. ஆசீர்வாதம் செய்கிறாய், பாட்டு. வீடியோக்காரர் ஒரு நிமிஷம்கூடச் சும்மா விடவில்லை.

போன மாதம் சுகன்யா கேட்டாள். "மா, நிலா தினமும் கேக்குறா, குரங்குத் தாத்தா எப்படிக் கத்துவாருன்னு. நான் செஞ்சு காட்டினா, அது இல்லன்னு அழுவுறா. படையல் அன்னைக்கு கால் போடு. தாத்தா குரலை எங்களுக்குப் போட்டுக் காட்டு. சின்னவனும் கேக்கட்டும்."

அதுவரை நான் அவளிடம் சொல்லவில்லை. அன்று சொன்னேன். "குரல் இல்லம்மா. ஒண்ணுலயும் இல்ல."

"அப்ப அத்தனையிலயும் நான் மட்டும் தனியாவா பேசிக்கிட்டிருக்கேன்?" என்றாள்.

ஆமாம் என்றேன்.

அப்படியும் விடவில்லை, நைனா. எல்லாப் பதிவையும் முதலிலிருந்து ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். உதட்டை வைத்து என்ன சொல்கிறாய் என்று கண்டுபிடிக்கப் பார்த்தேன். "துன்னேன்" என்பது தெரிகிறது. "போடி" என்பது நன்றாகவே தெரிகிறது. மற்றதெல்லாம் பிடிபடவில்லை. அவள் கேள்விக்கு நீ சொன்ன பதிலை நானே வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். அந்த இடத்தில் என் குரல் பொருந்தவில்லை.

கடைசியாக ஒன்று மிச்சமிருந்தது. அதைத் தனியாக ஒரு பைக்குள் போட்டு, "சரியில்லை" என்று பேர் வைத்திருந்தேன். தப்பாக எழுதின பரீட்சைத் தாளையும் வருஷம் முடியும் வரை கிழிக்க மாட்டேன், அந்தப் பழக்கம். அன்றைய வீடியோ காலில் ஒரே இரைச்சல், எதிரொலி. போன் கால் மாதிரியே இல்லை என்று பாதியில் நிறுத்திவிட்டோம். மாப்பிள்ளை கார்த்திக்கும் தன் போனிலிருந்து அதே காலில் சேர்ந்திருந்தார். சுகன்யாவின் லேப்டாப்புக்குப் பக்கத்திலேயே, அதே சோபாவில் உட்கார்ந்துகொண்டு.

அதைப் போட்டேன். சுகன்யா "ஹலோ தாத்தா" என்றாள். மூலைக் கட்டத்தில் உன் உதடு அசைந்தது. வழக்கமான மௌனம். ஒரு மூச்சு விடும் நேரம் போயிருக்கும். தண்ணீர்த் தொட்டிக்குள்ளிருந்து வருவது போல, "இன்னாம்மா, துன்னியா?" என்று நீ கேட்டாய்.

நான் எழுந்து நின்றுவிட்டேன். கட்டில் பக்கம் திரும்பிப் பார்த்தேன், அதையும் உன்னிடம் மறைக்கவில்லை.

நடந்தது இதுதான். நீ பேசியது இங்கிருந்து மெல்போர்னுக்குப் போய், சுகன்யாவின் லேப்டாப்பில் ஒலித்தது. பக்கத்திலிருந்த கார்த்திக்கின் போன் அந்த ஒலியைப் பிடித்து மறுபடி நமக்கே அனுப்பியது. என் லேப்டாப் பதிவு செய்வது அங்கிருந்து வரும் குரலைத்தானே? வாசல் கதவைச் சாத்தியதால் உள்ளே வர முடியாத நீ, கடலைத் தாண்டிப் போய், கொல்லைப்புறமாக வந்து சேர்ந்திருக்கிறாய்.

உட்கார்ந்து முழுவதும் கேட்டேன்.

"யார்ரா அது, என்ன மாதிரியே பேசறது?" என்றாய்.

"யாரும் இல்ல தாத்தா, எக்கோ" என்றாள் சுகன்யா.

"எக்கோவா? மாப்ள ஊட்டு ஆளா?"

கார்த்திக் சிரித்தது கேட்டது. மூலையில் நீ தலையைச் சாய்த்து, காதைத் திரைக்குப் பக்கத்தில் கொண்டுவந்தாய். பிறகு இரண்டு கையையும் வாயருகே குவித்தாய். வாய் திறந்தது, சத்தமில்லை. நான் சத்தத்தை முழுக்கக் கூட்டினேன்.

"ஹோஓஓய்!"

வந்துவிட்டது, நைனா. அங்கே நிலா "இன்னொரு வாட்டி! இன்னொரு வாட்டி!" என்று குதித்தாள். நீ இன்னொரு வாட்டி கத்தினாய். அது இன்னொரு வாட்டி வந்தது. உன் முகத்தில் அப்படி ஒரு சிரிப்பு.

"குன்னு மாதிரியே கீதுடீ! எங்க தோப்புக்கு அந்தாண்ட ஒரு குன்னு. அடுத்த தோப்புல ஆளு இல்லாத நாளுல குன்னுதான் எனக்குப் பதில் சொல்லும். இப்ப பாரு, கடலுக்கு அந்தாண்டருந்து சொல்லுது."

பிறகு நீ பக்கத்தில் திரும்பினாய். நான் அந்தக் கட்டத்தில் இல்லை. மேசைக்கு அடியில் குனிந்து, எந்த வயர் சரியில்லை என்று பிடுங்கிப் பிடுங்கிச் சொருகிக்கொண்டிருந்திருப்பேன். என்னைப் பார்த்து உன் உதடு அசைந்தது. ஒரு மூச்சு நேரம். பிறகு உன் குரல்:

"ஏ வள்ளீ, கேட்டியா?"

அதற்குப் பிறகு ஒன்றும் வரவில்லை. நான் அன்று ஏதாவது சொல்லியிருந்தால் என் குரலும் போய்த் திரும்பி வந்திருக்கும். வரவில்லை. என் கவனம் வயரில் இருந்தது. நீ கொஞ்ச நேரம் மேசைக்கு அடியில் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுத் திரைப் பக்கம் திரும்பிக்கொள்கிறாய்.

அந்த இடத்தை மறுபடி போட்டேன். "ஏ வள்ளீ, கேட்டியா?" என்றாய். பழசுன்னா இன்னா, கேக்குறா இல்ல, பதில் சொல்லாம இருந்தா மரியாதையா என்று நீதானே சொன்னாய்?

"கேட்டுச்சு நைனா" என்றேன். வெறும் வீட்டில் சத்தமாகத்தான் சொன்னேன். படியில் படுத்திருந்த நாய் தலையைத் தூக்கிப் பார்த்தது.

சுகன்யாவுக்கு இன்னும் சொல்லவில்லை. படையல் அன்று சொல்லிக்கொள்ளலாம் என்று வைத்திருக்கிறேன். கத்திரிக்காய்க் குழம்பு, கருவாடு, உனக்குப் பிடித்த பனங்கிழங்கு கிடைத்தால் அதுவும். இலைக்குப் பக்கத்தில் லேப்டாப். அவர்கள் கால் வந்ததும் உன் பதிவைப் போடுவேன். நீ கத்துவாய். நிலா அங்கிருந்து திருப்பிக் கத்துவாள், அவள் உன் ரத்தம், கத்தாமல் இருக்க மாட்டாள். அத்தனையையும் பதிவு செய்வேன். இந்தத் தடவை மைக் மேலிருக்கும் கோட்டை எடுத்துவிட்டு.

நான் உனக்குச் சொல்லும் உறுதி இது, நைனா: இனிமேல் மத்தியானத்தில் உன் பதிவைப் போடுகிற நாளெல்லாம், நீ "கேட்டியா?" என்று கேட்கும் இடத்தில் பதில் இல்லாமல் விடமாட்டேன்.

இதைப் படிக்கிற உங்களுக்கு ஒரே ஒரு வேலை. லேப்டாப்பில் பதிவை ஆரம்பிக்கும் முன் மைக் படத்தைப் பாருங்கள். அதன் மேல் கோடு இருந்தால் ஒருமுறை தொட்டு எடுத்துவிடுங்கள். உங்கள் பேரைச் சொல்லி, பதிவை நிறுத்தி, போட்டுக் கேளுங்கள். உங்கள் குரல் கேட்ட பிறகு, வீட்டுப் பெரியவரைப் பக்கத்தில் உட்கார வைத்து வீடியோ கால் போடுங்கள்.

பேர் சொல்லிக் கூப்பிட்டால் எழுந்து வரும்,
உன் பொண்ணு,
வள்ளி